விதவையின் பணமும் நீதிமன்றத்தின் காவலும்

1808 ஆம் ஆண்டில் இங்கிலாந்திலே குதிரைப் பிரயாண வண்டியொன்று குடைசாய்ந்தது. அதன் மேற்தட்டில் அமர்ந்திருந்த தம்பதியருள் கணவன் காயங்களுடன் தப்பினான். மனைவியோ ஏறக்குறைய ஒரு மாதம் வருந்தி உயிர் நீத்தாள். வழக்கை விசாரித்த எலன்பரோ பிரபு, மனிதனொருவனின் மரணத்தைக் குடியியல் நீதிமன்றத்தில் ஒரு தீங்கென முறையிடல் இயலாது என்று விதித்தார். மனைவி உயிரோடிருந்த அந்த ஒரு மாதத்துக்கு நட்டஈடு உண்டு. அவள் கண்மூடியதோடு கணக்கும் மூடப்பட்டது. யூரிமார் நூறு பவுண் வழங்கினர். பிறன் காலை முறித்தவன் பணங் கட்ட வேண்டும், கொன்றவன் கட்ட வேண்டியதில்லை என்ற இவ்விசித்திர நெறி உரோமன் டச்சுச் சட்டத்துக்கு உடன்பாடானதன்று. ஒல்லாந்தர் இலங்கையில் விட்டுச்சென்ற அச்சட்டம், உழைப்பவனை இழந்த குடும்பம் தன் சீவனத்துக்கு ஈடு கோரும் உரிமையை ஏற்றிருந்தது.

இங்கிலாந்தில் புகையிரதங்கள் பெருகி, அவற்றால் நேரும் மரணங்களும் பெருகிய பின்னரே சட்டம் விழித்தது. காம்பெல் பிரபுவின் பெயரால் அறியப்படும் 1846 ஆம் ஆண்டுச் சட்டம் மனைவி, கணவன், பெற்றார், பிள்ளைகள் ஆகியோரின் நன்மைக்காக வழக்கிட இடமளித்தது. ஒவ்வொருவருக்கும் உரிய பங்கை யூரிமாரே வகுக்க வேண்டும் என்றும் அது பணித்தது. 1855 இல் இந்தியாவும் அவ்வகைச் சட்டமொன்றைப் பெற்றது. அங்கு மோட்டார் விபத்துக்கென நியாயசபைகள் அமைக்க 1956 ஆம் ஆண்டுத் திருத்தம் வழிவகுத்தது.

எவ்வளவு பணம் என்பதே அக்காலமெல்லாம் வாதிடப்பட்ட கேள்வி. தீர்ப்பான பணம் எங்கே போகிறது என்பதைப் பற்றி எவரும் அதிகம் எண்ணவில்லை. கையெழுத்திடத் தெரியாத ஒரு பெண்ணிடம் வாழ்நாளிற் காணாத பெருந்தொகை ஒரே நாளில் வருகிறது. வழக்குக்கு அலைந்தவர் ஒரு பங்கு கேட்கிறார். தொழில் தொடங்கித் தருவதாக மைத்துனர் முன்வருகிறார். ஆண்டொன்று கழியுமுன் பணம் கரைந்துவிடுகிறது, பிள்ளைகளோ வளர்ந்தபாடில்லை.

இதைத் தடுக்க 1982 இல் குஜராத் உயர் நீதிமன்றம் சில நெறிகளை வகுத்தது. கேரள அரசுப் போக்குவரத்துக் கழகம் சம்பந்தப்பட்ட வழக்கொன்றில், 1993 இல், இந்திய உச்ச நீதிமன்றம் அவற்றைத் தழுவியது. அதன்படி சிறுவரின் பங்கு அவர்கள் பராயமடையும் வரையாவது வங்கியில் நிலையான வைப்பாக இருத்தல் வேண்டும். எழுத்தறிவற்றோரின் பணமும் அவ்வாறே வைக்கப்படும். எனினும் உழவுக் கருவியோ ரிக்ஷாவோ வாங்கிப் பிழைக்க விரும்பினால் ஒரு பகுதியை விடுவிக்கலாம். வட்டி உரியவருக்கே நேரடியாகச் செல்லும். அவ்வைப்பின் மீது வங்கி கடன் கொடுத்தல் ஆகாது. இவற்றுள் மிக நுட்பமானது இக்கடைசி விதியே. வைப்பைத் தொடாமலே அதை விழுங்குவதற்கு அடகு ஒன்று போதுமன்றோ!

ஆயினும் காவலன் சிறைக்காவலனாக மாறுதல் எளிது. நியாயசபைகள் பல அந்நெறிகளை இரும்புச் சட்டமெனக் கொண்டன. மகளின் திருமணத்துக்கும் வீட்டுக் கடனுக்கும் பணம் வேண்டிய படித்த தாயுங்கூடத் தன் பணத்துக்காகவே மனுச்செய்து நிற்க நேர்ந்தது. 2012 இல் இத்தகைய வழக்கொன்றை விசாரித்த உச்ச நீதிமன்றம், ஆளையும் தேவையையும் ஆராயாது இயந்திரம்போல் நெறிகளைப் பிரயோகித்தல் தவறென இடித்துரைத்துப் பணத்தை விடுவித்தது. விதவை என்பதாலேயே வயதுவந்த ஒரு பெண்ணைச் சிறுபிள்ளையாக நடத்துவது எவ்வகை நீதி?

இதற்கு நேர்மாறான குறையும் பின்னர் வெளிப்பட்டது. செலுத்தப்பட்ட நட்டஈட்டிற் பெருந்தொகைகள், பெறுவாரின்றி நியாயசபைகளிலேயே தேங்கிக் கிடந்தன. குடும்பங்கள் இடம்பெயர்ந்திருக்கலாம், பணம் வந்த செய்தியே அவர்களை எட்டாதிருந்திருக்கலாம். 2025 இல் உச்ச நீதிமன்றம், விண்ணப்பிக்கும்போதே உரியவரின் முகவரியையும் வங்கிக் கணக்கு விபரங்களையும் பெற்றுவைக்குமாறும், சட்ட உதவி அமைப்புகளின் துணையோடு அக்குடும்பங்களைத் தேடிக் கண்டுபிடிக்குமாறும் பணித்தது.