மிஸ்டர் ரேஜர்: பாட்டா வந்த ஒரு கேஸ் ஹிஸ்டரி

2010-ல வந்த ஒரு ராப் ஆல்பத்தை "என் உயிரைக் காப்பாத்தினது"ன்னு சொல்ற ரசிகர்கள் இன்னிக்கும் இருக்காங்க. அதைப் பாடினவர் அப்போ எப்படி இருந்தார்? அதுதான் இந்த த்ரெட்.

கிட் கடி. நிஜப் பெயர் ஸ்காட் மெஸ்கடி, அமெரிக்காவின் கிளீவ்லாந்துக்காரர். 11 வயசுல அப்பா புற்றுநோயில் இறந்துட்டார். 2009-ல முதல் ஆல்பம், 'மேன் ஆன் தி மூன்'. தனிமை, கெட்ட கனவு எல்லாம் இருந்தாலும் கடைசியில் கொஞ்சம் வெளிச்சம் தெரியும். நெஞ்சை நிமிர்த்திப் பேசுறதுதான் ராப்னு இருந்த காலத்துல இதுவே புதுசு.

புகழ் வந்துச்சு. பேட்டிகளைச் சமாளிக்க கோகெயின் எடுத்ததா பின்னாடி அவரே சொன்னார். 2010 ஜூன்ல நியூயார்க்கில் கைது. நவம்பர் 9-ந்தேதி ரெண்டாவது ஆல்பம், 'தி லெஜண்ட் ஆஃப் மிஸ்டர் ரேஜர்'. இதில் அந்த வெளிச்சம் ரொம்பக் கம்மி. ரேஜர்ங்கிறது வேற யாரும் இல்ல, போதையில் இருக்கிற கடிதான். பில்போர்டில் 3-ம் இடம், முதல் வாரமே சுமார் 1,69,000 பிரதிகள்.

ஒரு டாக்டரா கேட்டா எனக்கு இது கேஸ் ஹிஸ்டரி மாதிரிதான் இருக்கு. போதை, கோபம், தன் மனசுக்குள்ளயே சிக்கிக்கிட்ட உணர்வு... பேஷன்ட் எதையும் மறைக்கல. ஓபில இவ்வளவு வெளிப்படையா பேசுற ஆண்கள் அபூர்வம்ங்க. ஆனா பாட்டா சொன்னதால அது கலையாப் போச்சு.

ரசிகர்களுக்கு அது மருந்தா இருந்ததும் உண்மை. 7 வயசுல அப்பாவை இழந்த காமெடியன் பீட் டேவிட்சன், கடியோட பாட்டு இல்லேன்னா நான் உயிரோடவே இருந்திருக்க மாட்டேன்னு வெளிப்படையா சொல்லியிருக்கார்.

2016 அக்டோபர். மனச்சோர்வு, தற்கொலை எண்ணங்களுக்காக சிகிச்சையில் சேர்ந்துட்டேன், வெட்கமா இருக்குன்னு ஃபேஸ்புக்கில் கடியே எழுதினார். ஆல்பம் வந்து ஆறு வருஷம் கழிச்சு! உடனே ட்விட்டரில் 'யூ குட் மேன்' ஹேஷ்டேக் கிளம்புச்சு. நம்ம பாஷையில "நல்லா இருக்கியாப்பா?" கறுப்பின ஆண்கள் தங்கள் மனநோய் பத்தி அதில் எழுதினாங்க. என் கணக்கில் அந்த ஆல்பத்தோட நிஜமான வாரிசு, பில்போர்டு எண்களை விட இந்த ஹேஷ்டேக்தான்.

அந்தச் சிகிச்சையில் இருந்தப்பவே அவருக்குப் பக்கவாதம் வந்ததுன்னு 2022-லதான் வெளியே சொன்னார். வயசு அப்போ 32.

2020 டிசம்பர்ல மூணாவது பாகம் வந்துச்சு. அதில் ஒரு பகுதியோட பேரே 'தி ரேஜர், தி மெனஸ்'. ஆள் இன்னும் உள்ளேதான் இருக்கான்.