தென்னையின் கேனோடெர்மா காளான்

கேனோடெர்மா, மரத்தைத் தின்று வாழும் பூஞ்சை. பழனிசெட்டிபட்டியிலிருந்து கம்பம் வரை முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் தென்னை வளர்ப்போர் இதன் முகத்தைத் தெரிந்துவைத்திருப்பது அவசியம். 1952 புயலுக்குப் பின் தஞ்சாவூர் மாவட்டத்துத் தோப்புகளில் இதனால் வரும் அடித்தண்டழுகல் கவனத்துக்கு வந்தது. தஞ்சாவூர் வாடல் நோய் என்ற பெயரும் அப்படி வந்ததே. இந்நோய்க்குக் காளானைவிட உறுதியான கண்கண்ட சாட்சி இல்லை. மட்டைகள் தொங்குவதும் குரும்பை உதிர்வதும் வறட்சியிலும் நடக்கும். தண்டில் செம்பழுப்புச் சாறு வடிவது தீலேவியாப்சிஸ் பூஞ்சை தாக்கினாலும் உண்டு. கேனோடெர்மாவில் சாறு தூரில் தொடங்கி மேலேறும் என்பது உதவும் குறிப்புதான். ஆனால் அதுமட்டும் போதாது.

காளானிலும் பளபளப்பை மட்டும் நம்பக் கூடாது. தூரில் வெள்ளைக் குமிழாகக் கிளம்பி, அரைவட்டத் தட்டாக விரியும்; மேற்புறம் வார்னிஷ் பூசியதுபோல் செம்பழுப்பாக மின்னும், வளரும் விளிம்பு வெளுத்திருக்கும். ஆனால் முதிர்ந்ததும் அதன் வித்துகளே பழுப்புப் பொடியாகப் படிந்து மினுக்கத்தை மறைத்துவிடும். அதே பேரினத்தின் அப்ளனேட்டம் இனத்துக்கோ மினுக்கமே கிடையாது. ஆகவே தட்டைத் திருப்பிப் பார்க்க வேண்டும். அடியில் மடிப்புகள் இருக்காது. ஊசிமுனையளவு துளைகள் நிறைந்த வெண்பரப்பு இருக்கும், நகத்தால் கீறினால் பழுப்பாகும். நுண்ணோக்கியில் வித்து இரட்டைச் சுவரோடு, ஒரு முனை தட்டையாகத் தெரியும். மின்னுவதையெல்லாம் கேனோடெர்மா லூசிடம் என்று எழுதிவிடும் வழக்கமும் சரியல்ல: 1781-இல் தாவரவியலாளர் கர்ட்டிஸ் இங்கிலாந்திலிருந்து விவரித்த அந்த இனமும் வெப்பமண்டலத்தில் அப்பெயரில் வழங்கிய பலவும் வேறென்று மரபணு ஆய்வுகள் காட்டியுள்ளன. நுண்ணோக்கியோ மரபணுச் சோதனையோ இல்லாத இடத்தில் பேரினப் பெயரோடு நிற்பதே நேர்மை.

காளான் தலைகாட்டும்போது மரம் கைவிட்டுப் போயிருக்குமே, பிறகு அடையாளம் எதற்கு என்று கேட்கலாம். அந்த மரத்துக்குப் பெரும்பாலும் பயனில்லைதான். காளானே காட்டாமல் சாகும் மரங்களும் உண்டு. ஆனால் பூஞ்சை மண்ணில் கிடக்கும் நோய்வேர் வழியே அடுத்த மரத்துக்குப் போகிறது. எந்தத் தூரைச் சுற்றி அகழி வெட்டுவது, பக்கத்து மரங்களில் எவற்றுக்கு வேப்பம்புண்ணாக்கு ஆண்டுக்கு 5 கிலோ இடுவது, எதற்குப் போர்டோ கலவை ஊற்றுவது என்பதையெல்லாம் அந்தத் தட்டு காட்டிக்கொடுக்கிறது. தட்டை மட்டும் பெயர்த்தெறிந்தால் பூஞ்சை கட்டைக்குள்ளேயே இருக்கும். தூரை வேரோடு தோண்டி எரிக்க வேண்டும்.