நிறத்தின் பெயர்

மாட்டுக் கடன் படிவத்தில் அடையாளத்துக்காக ‘நிறம்’ என்று ஒரு கட்டம் உண்டு. ஓமலூரில் என் கவுண்டருக்கு அந்தப் பக்கம் நிற்கும் விவசாயி ‘மயிலைங்க’ என்கிறார். நான் ‘சாம்பல்’ என்று எழுதுகிறேன். மயிலைச் சேலை என்று யாரும் சொல்வதில்லை. அது மாட்டுக்கே உரிய நிறம். சாம்பல் எதற்கும் பொருந்தும். இந்தச் சின்னப் பொய்யைப் பல தடவை எழுதிய பிறகுதான் அந்தோனியோ தெலேசியோ எனக்கு முக்கியமாகப் பட்டார்.

தெலேசியோ தென் இத்தாலியில் கொசென்ஸாவைச் சேர்ந்த லத்தீன் அறிஞர், கவிஞர். நிறங்களைப் பற்றிய அவருடைய சிறு நூல் 1528இல் வெனிஸில் வெளியாயிற்று. வர்ணம் குழைப்பது எப்படி என்று ஓவியனுக்கோ, நிறம் என்பது என்ன என்று தத்துவவாதிக்கோ அவர் எழுதவில்லை. நிறங்களின் லத்தீன் பெயர்களே அவர் விஷயம். லத்தீனில் மங்கிய வெண்மை ‘ஆல்பஸ்’. ஒளிரும் வெண்மை ‘காண்டிடஸ்’. மங்கிய கருமை ‘ஆட்டெர்’. மினுங்கும் கருமை ‘நிகெர்’. நியூட்டனின் ஒளியியல் (1704) வந்தபின் இதெல்லாம் வெறும் சொல்லாராய்ச்சி என்று ஆகிவிட்டது. ஆனால் கதே, 1810இல் வெளியிட்ட தன் நிறக்கொள்கையின் வரலாற்றுப் பகுதியில் தெலேசியோவின் நூலை முழுதாகவே சேர்த்துக்கொண்டார்.

நம் மரபு வேறு வழியில் போயிற்று. குரு, கெழு இரண்டும் நிறத்தைக் குறிக்கும் என்று தொல்காப்பிய உரியியல் சொல்லி நிறுத்திக்கொள்கிறது. திவாகரத்தின் எட்டாம் தொகுதி பண்புப் பெயர்களுக்கானது. ஒரு பண்புக்கு இத்தனை பெயர் என்று அடுக்குவது நிகண்டின் வேலை. மனப்பாடத்துக்கும் யாப்புக்கும் அது உதவியது. ஆனால் எல்லாம் ஒன்றே என்கிற மனோபாவத்தையும் அது விட்டுச் சென்றது. இன்றும் நம் உரைகாரர்கள் கவிதையின் ஒரு சொல்லுக்கு இன்னொரு சொல்லை மாற்றி வைத்துவிட்டு விளக்கிவிட்டதாக நினைக்கிறார்கள்.

பேச்சு இதற்கு அடங்கவில்லை. பச்சைத்தண்ணி, பச்சை உடம்பு, பச்சைமண்: இவற்றில் எதுவும் பச்சையாக இல்லை. காயாதது, ஆறாதது, வேகாதது. லத்தீனின் ‘விரிடிஸ்’ என்ற சொல்லிலும் நிறத்தோடு இளமையும் உயிர்ப்பும் கலந்திருக்கின்றன. நிறச்சொல் கண்ணுக்கு மட்டுமானதல்ல. ஒரு பொருளோடு பழகியதன் பதிவு. விமர்சகன் தொட வேண்டியது அந்தப் பழக்கத்தை.

போன மாதம் ஒரு படிவத்தில் ‘மயிலை’ என்றே எழுதினேன். கேள்விக்குறியோடு திரும்பி வந்தது. ‘சாம்பல்’ என்று திருத்தி அனுப்பினேன். அவருக்குக் கடன் கிடைக்க வேண்டுமே.