பேக்கன் சேர்த்த போஞ்சி விதைக் கறி

உலர்ந்த போஞ்சி விதையை ஊறவைத்து அவித்து, உப்பூட்டிப் புகையிலிட்ட பன்றியிறைச்சியாகிய பேக்கனோடும் வெங்காயம், தக்காளி முதலிய மரக்கறிகளோடும் சேர்த்து, போறணையின் மெல்லிய வெப்பத்தில் நெடுநேரம் வைத்தெடுக்கும் பக்கக்கறி இது. ஆங்கில வழக்கில் பேக்ட் பீன்ஸ் எனப்படும். இவ்விதை அமெரிக்கக் கண்டத்துக்கு உரியது. கொலம்பசின் யாத்திரைக்குப் பின்னரே ஏனைய உலகம் இதனை அறிந்தது.

ஓய்வுநாளில் சமையல் வேலை ஆகாதென்று விதித்திருந்த நியூ இங்கிலாந்துப் பியூரிட்டன் கிறிஸ்தவர், சனிக்கிழமையே விதையையும் உப்பிட்ட பன்றியிறைச்சியையும் மண்பானையிலிட்டுப் போறணைக்குள் வைத்து, மறுநாளும் அதன் இளஞ்சூட்டில் உண்டனர். இனிப்புக்குச் சேர்த்த கரும்புக் கழிவுப்பாகு கரீபியத் தீவுகளின் அடிமைத் தோட்டங்களிலிருந்து வந்தது என்பதை இப்பதார்த்தத்தின் சரித்திரம் கூறுவோர் பெரும்பாலும் விட்டுவிடுகின்றனர். இக்கறியாற் பெயர்பெற்ற பாஸ்டன் நகரிலேயே, 1919 சனவரி 15ஆம் நாள் பெரும் பாகுத்தொட்டியொன்று உடைந்து 21 பேர் மாண்டனர். பிரித்தானியாவில் விற்ற இக்கறியின் டின்களில் இருந்த சிறு இறைச்சித் துண்டோ, இரண்டாம் உலகப் போர்க்காலப் பங்கீட்டினால் நீங்கியது.

இக்கறியை இங்குத் தன்னாமுனை அடுக்களைக்கு ஏற்பக் கூறுகின்றோம். மட்டக்களப்பிலிருந்து ஏறாவூருக்குச் செல்லும் நெடுஞ்சாலையில், வாவியோரம் அமைந்த தன்னாமுனை, கத்தோலிக்கர் மிகுந்த கிராமம். 1628இல் மட்டக்களப்பிற் கோட்டை கட்டிய போர்த்துக்கேயரும் அவரைவிதையைப் பன்றியிறைச்சியோடு வேகவைத்து உண்ணும் மரபினரே. பிற்காலத்தில் மட்டக்களப்புப் புனித மிக்கேல் கல்லூரியிற் பணியாற்றிய அமெரிக்க இயேசு சபைத் துறவியர் அச்சபையின் நியூ ஒர்லின்ஸ் மாகாணத்தைச் சேர்ந்தவர்கள். நியூ ஒர்லின்ஸ் நகரிலே திங்கட்கிழமைகளிற் சிவப்பு விதையைப் பன்றியிறைச்சியோடு குழைய வேகவைத்துச் சோற்றின்மேல் ஊற்றி உண்பது நெடுநாளைய வழக்கம். சோறுண்ணும் வாவிக்கரை மாந்தருக்குப் பாஸ்டனைவிட அந்நகரமே அண்மையான உறவு எனலாம்.

இக்கறியின் பக்குவம் முழுவதும் எதனை முன்னர் இடுவது, எதனைப் பின்னர் இடுவது என்பதிலேயே அடங்கியுள்ளது. தக்காளி, புளி ஆகியவற்றின் அமிலமும், கழிவுப்பாகிலுள்ள சுண்ணாம்புச் சத்தும் விதையின் தோலை இறுகச் செய்வதால், அரைவேக்காட்டு விதையில் அவற்றைச் சேர்த்தவர் எத்தனை மணிநேரம் எரித்தாலும் விதை மசியாது. பருப்பு வெந்த பின்னரே புளி கரைத்து ஊற்றும் நம் பெண்களின் சம்பிரதாயத்துக்கும் காரணம் இதுவே. வேகாத சிவப்பு விதையில் வயிற்றைக் கலக்கும் நச்சுப் புரதம் ஒன்றுண்டு. குறைந்தது 5 மணிநேரம் ஊறிய விதையை, ஊறிய நீரை வடித்துப் புதுநீரில் 10 நிமிடமேனும் தளதளவெனக் கொதிக்கவிட்டாலன்றி அது அழியாது; ஆதலால் இளஞ்சூட்டில் மட்டுமே வேகவைப்பது ஆபத்தானது. கடைகளில் எளிதிற் கிடைக்கும் கௌபியில் இவ்வச்சம் மிகக் குறைவு. அது விரைவில் வேகுவதும் ஒரு விசேஷமாகையால், தன்னாமுனை அடுக்களைக்குக் கௌபியையே சிபாரிசு செய்யலாம்.

நால்வருக்கு 250 கிராம் விதை போதும். விரலால் நசுக்கினால் மசியும்வரை அவித்து வைத்துக்கொண்டு, 100 கிராம் பேக்கனைச் சிறிதாக நறுக்கி, எண்ணெய் விடாமலே சட்டியில் வதக்கி, உருகிய கொழுப்பிலேயே வெங்காயம், உள்ளி, கறிமிளகாய், கரட் ஆகியவற்றைப் புரட்டி, மூன்று தக்காளியும், ஒரு மேசைக்கரண்டி சர்க்கரையும், சிறிது மிளகாய்த்தூளும் சேர்க்க வேண்டும். விதையைக் கலந்து, அது மூழ்குமளவு அவித்த நீர் விட்டு, 160 பாகை செல்சியஸ் வெப்பமுள்ள போறணையில் ஒன்றரை மணிநேரம் மூடிவைத்து, கடைசி அரைமணி நேரம் மூடியைத் திறந்துவிட்டால் மேற்பரப்பு கருஞ்சிவப்பாகும். போறணை இல்லாதவர் தடித்த சட்டியைச் சிறுதீயில் வைத்தாலும் குறையில்லை. பேக்கனிலேயே உப்பு மிகுதியாதலால் முடிவிற் சுவைத்துப் பார்த்தே உப்பிடுதல் நன்று. பாணுக்கும் சோற்றுக்கும் ஏற்றது; சோற்றுக்காயின் நீர் சற்றுக் கூடுதலாக இருக்கட்டும்.

உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2015இல் பேக்கன் முதலிய பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் விளைவிப்பனவற்றின் முதல் வகுப்பிற் சேர்த்தது. ஆகவே இதனை நித்திய ஆகாரமாக்காமல் பெருநாளுக்கென ஒதுக்குவதே விவேகம். ஏறாவூர் முஸ்லிம் அயலவர் விருந்துக்கு வரும் நாளில், இறைச்சித் துண்டை மட்டும் பொறுக்கியெடுத்துவிட்டுப் பரிமாறலாகாது. அவர்களுக்கெனக் கௌபியைத் தனிச் சட்டியில், தனி எண்ணெயில், தனி அகப்பையால் சமைக்க வேண்டும்.