கடல் தாண்டிக் கிடைத்த கறி

கார்ன்ட் பீஃபில் 'கார்ன்' என்றால் சோளம் இல்லைங்க. தானிய மணி அளவிலான உப்புக்கல். 17, 18ஆம் நூற்றாண்டுகளில் அயர்லாந்தின் கார்க் துறைமுகத்திலிருந்து உப்பிட்ட மாட்டிறைச்சி பீப்பாய் பீப்பாயாக ஆங்கிலேயக் கடற்படைக்கும் கரீபியக் கரும்புத் தோட்டங்களுக்கும் போனது. அங்கிருந்த ஏழைக்கு உருளைக்கிழங்குதான். 1845இல் தொடங்கிய பஞ்சம் அதையும் பறித்தது.

கப்பலேறி நியூயார்க் போனவர்களுக்கு அங்கேதான் மாட்டிறைச்சி கைக்கெட்டியது. யூதக் கறிக்கடைகளில் உப்பில் ஊறிய நெஞ்சுக்கறி வாங்கினார்கள். முரட்டுக் கறி, சிறுதீயில் 3 மணி நேரமாவது வேகணும். கடைசியில் மலிவான முட்டைக்கோஸைப் போட்டால் ஒரே பானையில் வீட்டுக்கே சாப்பாடு.

இன்று அமெரிக்காவில் இதுதான் 'அயர்லாந்து உணவு'. அயர்லாந்து வீடுகளிலோ கோஸுக்குத் துணை பன்றிக்கறி. பூர்வீக ஊரில் வாய்க்காத சாப்பாடுதான் பேரப்பிள்ளைகளுக்குப் பூர்வீகச் சாப்பாடு ஆகியிருக்கிறது.