போக்கிரிப் பட்டம்

ஜப்பானிய மௌனப் படங்களில் ஒன்றை மட்டும் வைத்துக்கொள் என்றால் 1925-இல் வந்த 'ஒரோச்சி'யைத்தான் கேட்பேன். இயக்கம் ஃபுதாகாவா புன்தாரோ. நாயகன் பான்தோ சுமசபுரோ, ரசிகர்களுக்குப் 'பான்சுமா'. அந்த ஆண்டுதான் சொந்தக் கம்பெனி தொடங்கியிருந்தார். போக்கிரி என்று பொருள்படும் பழைய தலைப்பைத் தணிக்கைக்காரர்கள் ஏற்கவில்லை. படம் 'ஒரோச்சி', அதாவது 'பெரும்பாம்பு' ஆகி வெளிவந்தது.

ஆனால் போக்கிரிப் பட்டம்தான் கதையே. ஹெய்சபுரோ ஏழைச் சாமுராய். குருவின் மகள் நமியே மேல் ஆசை. விருந்தில் பெரிய இடத்துப் பையன் வம்புக்கு இழுக்கிறான், தண்டனை இவனுக்கு. நமியேயைத் தூற்றியவர்களோடு மோதினால் அதற்கும் இவனே குற்றவாளி. குருவும் துரத்த, எஜமானன் இல்லாத ரோனினாக ஊர் ஊராய்த் திரிகிறான். எங்கே போனாலும் கெட்ட பெயர் கூடவே வருகிறது. அவனுக்கு அடைக்கலம் தரும் ஜிரோசோவோ ஊர் மெச்சும் தயாளன். மறைவில் பெண்களைச் சீரழிக்கிறவன். நோயாளிக் கணவனோடு அவன் வலையில் விழுபவள் நமியே. அவளைக் காக்க ஹெய்சபுரோ ஜிரோசோவை வெட்டிச் சாய்க்கிறான். சட்டத்தின் கண்ணில் அதுவும் கொலைதான்.

பிறகு வரும் நீண்ட சண்டைதான் படத்தின் உயிர். அதுவரை இயக்குநர் மகினோ ஷோசோவின் படங்களில் நடிகர் ஒனோஎ மத்சுனோசுகே வாள் சுழற்றியது கபுகி மேடையின் நடன முறையில். அடிக்கொரு நிலை, நிலைக்கொரு பார்வை. பான்சுமா ஓடுகிறார், இளைக்கிறார், கயிறுகளை அறுத்துக்கொண்டு மறுபடி ஓடுகிறார். காவலர் கூட்டம் குறைவதே இல்லை. கடைசியில் கட்டி இழுத்துப் போகும்போது, அவன் போக்கிரியல்ல என்று அறிந்தவர்கள் நமியேயும் அவள் கணவனும் மட்டும்தான்.

இதெல்லாம் ஜப்பான் கொட்டகைகளில் மௌனமாக ஓடவில்லை. திரையருகே நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுத்தவர் பென்ஷி. படத்தைவிட அவரைக் கேட்க வந்தவர்களும் உண்டு. பேசும்படம் அந்தத் தொழிலை விழுங்கியது. அகிரா குரோசாவாவின் அண்ணன் ஹெய்கோவும் பென்ஷி. 1933-இல் தற்கொலை செய்துகொண்டார்.

போருக்குப் பின் பழைய சுருள்களைத் தேடிச் சேர்த்தவரும் ஒரு பென்ஷிதான்: மத்சுதா ஷுன்சுய். அவருடைய சீடர் சவாதோ மிதோரி அந்தக் கலையை மேடையில் தொடர்ந்தார். பென்ஷி குரலோடுதான் இந்தப் படத்தைப் பார்க்க வேண்டும் என்பார்கள். முதல் பாதிக்கு ஒப்புக்கொள்கிறேன். கடைசிச் சண்டை வந்ததும் ஒலியை அணைத்துவிடுவேன். பான்சுமாவின் மூச்சிரைப்புக்கு யாரும் குரல் கொடுக்கத் தேவையில்லை.