காலத்தைத் திருப்பிய டான் சிந்துல்ஃபோ

வங்கியில் 'வேல்யூ டேட்' என்று ஒரு சமாச்சாரம் உண்டு. உங்கள் பணத்தைத் தவறுதலாக வேறு கணக்கில் போட்டுவிட்டோம் என்று வையுங்கள். இரண்டு மாதம் கழித்துக் கண்டுபிடித்தால், இன்றுதான் திருத்துவோம். ஆனால் பழைய தேதியிலிருந்து செல்லுபடியாகும்படி பதிவோம். வட்டியும் அந்தத் தேதியிலிருந்து கணக்காகிவிடும். தவறே நடக்காத மாதிரி!

காலத்தில் பின்னோக்கிப் போகும் இயந்திரம் என்றதும் எனக்கு முதலில் நினைவுக்கு வந்தது இதுதான். (கணக்குப்பிள்ளை புத்தி, என்ன செய்ய!)

கால இயந்திரம் என்றால் எல்லோரும் ஹெச்.ஜி.வெல்ஸைச் சொல்வார்கள். 1895-ல் வந்த நாவல் அது. அந்தப் பெயரைப் புழக்கத்துக்குக் கொண்டு வந்தவர் அவர்தான், சந்தேகமில்லை. ஆனால் அதற்கு எட்டு வருடம் முன்பே, 1887-ல், பார்சிலோனாவில் ஒரு ஸ்பானிய நாவல் வெளியாகிவிட்டது. பெயர் 'எல் அனாக்ரோனோபெத்தே'. கிரேக்கச் சொற்களை ஒட்டவைத்துச் செய்த பெயர். காலத்துக்கு எதிராகப் பறப்பது என்று பொருள். எழுதியவர் என்ரிகே காஸ்பார்.

கதாநாயகர் டான் சிந்துல்ஃபோ கார்சியா, சரகோசா நகரத்து விஞ்ஞானி. அவருடைய சித்தாந்தம் வேடிக்கையானது. காலத்தை உண்டாக்குவதே காற்றுமண்டலம்தானாம். பூமி சுழலும் திசைக்கு எதிராக அசுர வேகத்தில் பறந்தால், சுற்றிய நூலைப் பிரிப்பது போல காலமும் பிரிந்துகொண்டே போகுமாம். அதற்காக, மின்சாரத்தில் ஓடும் ஒரு பிரம்மாண்டமான இரும்புப் பெட்டியைச் செய்கிறார்.

இங்கே ஒரு சிக்கல். பின்னோக்கிப் போனால் பயணிகளுக்கும் வயது குறையுமே? முப்பது வயதுக்காரர் முப்பது வருடம் பின்னால் போனால் குழந்தையாகி, அப்புறம் காணாமலே போய்விடுவாரே? அதற்கும் மனிதர் வழி வைத்திருக்கிறார். 'கார்சியா திரவம்' என்று ஒன்று. அது இருந்தால் வயது இறங்காது. இந்த இடத்தில் காஸ்பாரைப் பாராட்டத்தான் வேண்டும். பயணியின் உடம்பு என்ன ஆகும் என்று அந்த நாளிலேயே யோசித்திருக்கிறார்.

1878 பாரிஸ் கண்காட்சியிலிருந்து பெட்டி கிளம்புகிறது. 1860-ன் தெத்துவான் போர், 1492-ன் கிரனாடா, கி.பி. 220-ன் சீனா, எரிமலை வெடிக்க இருக்கும் கி.பி. 79-ன் பொம்பெயி என்று போய்க்கொண்டே இருக்கிறது.

சரி, இவ்வளவு பெரிய கண்டுபிடிப்பு எதற்கு? தன் பொறுப்பில் இருக்கும் உறவுப் பெண் கிளாராவைக் கட்டிக்கொள்ளத்தான்! அவளோ ஒரு ராணுவ அதிகாரியை விரும்புகிறாள். பெண்ணின் சம்மதம் தேவைப்படாத ஒரு பழைய காலத்துக்கு அவளைக் கொண்டுபோய்விடலாம் என்பது கிழவரின் திட்டம். காலத்தையே வளைத்தவரால் ஒரு பெண்ணின் மனதை வளைக்க முடியவில்லை. கடைசியில் பித்துப் பிடித்து, படைப்பின் தொடக்கம் வரை பெட்டியை விரட்டுகிறார். அப்புறம்? ஜூல் வெர்ன் நாடகம் பார்க்கப் போன இடத்தில் தூங்கிப்போய்க் கண்ட கனவு என்று கதை முடிகிறது.

முதலில் இசை நாடகமாக எழுதியதை காஸ்பார் பிறகு நாவலாக்கினார். வெல்ஸுக்குக் கிடைத்த புகழ் இதற்குக் கிடைக்கவில்லை. ஆங்கில மொழிபெயர்ப்பு அச்சில் வரவே 2012 ஆயிற்று.

என்னை யோசிக்க வைத்தது வேறொரு விஷயம். காஸ்பார் தொழில்முறை எழுத்தாளர் மட்டுமல்ல, தூதரக அதிகாரி. சீனக் கடற்கரையில், மக்காவ் பக்கம் பணியில் இருந்தவர். நாவல் வந்த அதே புத்தகத்தில் அவருடைய சீனப் பயணக் கடிதங்களும் சேர்ந்தே வந்தன. அரசாங்கம் போகச் சொன்ன ஊருக்குப் போய், அங்கிருந்து வீட்டை நினைத்துக்கொண்டிருந்த ஒரு ஆள். வெல்ஸின் பயணி கி.பி. 802701-க்கு, முன்னோக்கிப் போகிறான். காஸ்பாரின் பெட்டி பின்னோக்கி மட்டுமே கிளம்புகிறது. ஊரை விட்டு வந்தவனுக்கு எந்தத் திசை வேண்டும் என்று எனக்குத் தெரியும்.

2016-ல் நான் போபாலில் இருந்தேன். அப்பாவுக்கு முடியவில்லை என்று தம்பி சொன்னது ஒரு வியாழக்கிழமை. வெள்ளிக்கிழமை ஆய்வு இருந்தது. முடித்துவிட்டு சனிக்கிழமை கிளம்பலாம் என்றேன். ஞாயிறு காலை திருநெல்வேலியில் இறங்கியபோது தெருவில் பந்தல் போட்டிருந்தார்கள்.

எத்தனையோ பேருடைய கணக்கைப் பழைய தேதியிட்டுச் சரிசெய்து கொடுத்திருக்கிறேன். அந்த வியாழக்கிழமைக்கு மட்டும் வேல்யூ டேட் கிடையாது.

ஊரிலிருந்து போன் வந்தால் கிளம்பிவிடுங்கள் ஐயா. ஆய்வு அடுத்த வாரமும் வரும்.